கூடலூர் லூர்து மேரியின் நூறு கிராம் ஏலக்காய்

கூடலூர் லூர்து மேரியை நான் முதலில் பார்த்தது 1999 நவம்பர் 2, செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்றே கால் மணிக்கு. போடியில் ஏலக்காய்க் கிட்டங்கியில் நான் எடை எழுதிக்கொண்டிருந்தேன். அவர் கையில் ஒரு காலித் தூக்குச்சட்டி இருந்தது.

அதற்கு முன் நடந்ததை அவரும், அவரோடு வேலை பார்த்த பஞ்சம்மாளும் பிற்பாடு தனித்தனியாகச் சொன்னார்கள். இருவர் சொன்னதும் ஒத்துப்போனதை மட்டும் எழுதுகிறேன்.

லூர்து மேரியின் கணவர் மரிய ஜோசப் குமுளிக்கு மேலே ஓர் ஏலத்தோட்டத்தில் காவல்காரர். வாரம் முழுக்க தோட்டத்து லயத்து வீட்டில்தான் தங்கல். சனிக்கிழமை வர முடியாவிட்டால் ஜீப்பில் மஞ்சுப்பிசின் கொடுத்து அனுப்புவார். எங்கள் பக்கத்தில் அதைத் தெரியாதவர் இல்லை, வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்கிறேன். மழைக்காலத்தில் மேகம் படிந்த மரப்பட்டையில் பால் நிறத்தில் திரளும் பிசின் அது. இளகியிருக்கும்போது பக்கத்தில் பேசினால் குரலை வாங்கிக்கொண்டு இறுகிவிடும். ஈரத்துணியில் சுற்றி வைத்தால் எத்தனை வருடமானாலும் அப்படியே இருக்கும். சூடு பட்டால் ஒரே ஒரு முறை பேசும். பிறகு பிசினும் இருக்காது, குரலும் இருக்காது.

1996 செப்டம்பரில் மரிய ஜோசப் காய்ச்சலில் மலையிலேயே இறந்துபோனார். அடக்கம் முடிந்த மூன்றாம் நாள், அவர் படுக்கைக்கு அடியில் கிடந்ததென்று ஓர் உருண்டை வந்தது. நெல்லிக்காய் அளவு. அவர் கடைசியாகப் பேசியது அதற்குள் இருந்தது.

லூர்து மேரி அதைச் சூடு காட்டவில்லை. கேட்டுவிட்டால் அதற்குப் பிறகு அவர் பேச ஒன்றும் மிச்சமிருக்காது என்பது அவர் கணக்கு. கணவர் இருந்த தோட்டத்திலேயே காய் பறிக்கப் போனார். தகரக் கூரை வீட்டில் விட்டுவிட்டுப் போனால் வெயிலில் உருகிவிடும் என்று, உருண்டையைத் தூக்குச்சட்டியின் மேல்தட்டில் ஈரத்துணிக்குள் வைத்துத் தினமும் ஆறு மணி ஜீப்பில் கொண்டுபோவார்.

"என்னடி லூர்து, இன்னைக்கும் புருசன வேலைக்குக் கூட்டிட்டு வந்துட்டியா?" என்பார் பஞ்சம்மாள்.

"ஆமாக்கா. ஒன் புருசன் மாதிரி வீட்டுல குப்புறப் படுக்க விட்டுருவேனா?"

மழை நாளில் தோட்டத்துப் பெண்களிடம் ஒரு வழக்கம் உண்டு. காய் உலர்த்தும் ஸ்டோர் அறையில் சூட்டுக் குழாய்க்கு மேலே ஒரு திட்டு இருக்கும். கஞ்சி ஆறாமல் இருக்க எல்லோர் தூக்குச்சட்டியும் அங்கே போய்விடும். லூர்து மேரியுடையது மட்டும் மரத்தடியில் இருக்கும். 1999 அக்டோபர் 14 அன்று அவர் கீழ்ச்சரிவில் பறித்துக்கொண்டிருந்தபோது திடீரென்று மழை கொட்டியது. மேலே நின்ற பஞ்சம்மாள் லூர்து மேரியுடையதையும் சேர்த்து எட்டுத் தூக்குச்சட்டிகளையும் அள்ளிக்கொண்டு ஸ்டோருக்கு ஓடினார்.

ஒரு மணிக்குச் சாப்பிடத் திறந்தபோது மேல்தட்டில் துணி மொறமொறவென்று காய்ந்து கிடந்தது. உருண்டை இல்லை. பூட்டிய அறைக்குள் அது பேசி முடித்துவிட்டது. கேட்க அங்கே ஆளில்லை, முந்தின நாள் பறித்த காய்தான் இருந்தது.

பஞ்சம்மாள் தலையில் அடித்துக்கொண்டார். "நனையுதேன்னுதான்டி எடுத்தேன் ஆத்தா!"

லூர்து மேரி கீழ்த்தட்டைத் தொட்டுப் பார்த்தார். "கஞ்சி சூடா இருக்குக்கா. குடி."

மறுநாள் காயைக் கம்பி வலையில் தேய்த்தபோது குவியலுக்குள்ளிருந்து, பக்கத்து வீட்டில் ஓர் ஆள் பேசுவதுபோல முணுமுணுப்புக் கேட்டது. பெண்கள் கையை எடுத்துவிட்டார்கள். மேஸ்திரி வேலுச்சாமி அவசரமாக மூட்டை கட்டினார். "பேசுற காய்னு வெளிய சொல்லிராதீக. ஒரு பய எடுக்க மாட்டான்." நாற்பத்தெட்டு கிலோ அறுநூறு கிராம்.

அந்த மூட்டையைத் தேடித்தான் லூர்து மேரி என் மேசைக்கு வந்திருந்தார்.

"ஐயா, எங்க வீட்டுக்காரவுக இங்கன வந்தாகளா?"

"என்ன சரக்கு கொண்டாந்தாரு?"

"கொண்டாரல ஐயா. சரக்குக்குள்ள இருக்காக."

லாட் எண் 143. அக்டோபர் 20ஆம் தேதி ஏலம் போய், அன்றைக்கே கான்பூர் லாரியில் ஏறிவிட்டது. ஆனால் ஒவ்வொரு லாட்டிலும் நூறு கிராம் மாதிரி எடுத்து முப்பது நாள் வைத்திருப்பது கிட்டங்கி விதி. உறை இருந்தது. வெளியாளுக்குக் கொடுக்கக் கூடாது என்பதும் விதிதான். "உரியவரிடம் ஒப்படைக்கப்பட்டது" என்று பதிவேட்டில் எழுதிக் கையில் கொடுத்தேன்.

வாசலில் டீ போடும் நல்லகண்ணுவின் அடுப்பில் வெறும் சட்டியை வைத்து, பாதிக் காயைக் கொட்டினார். காய் வெடித்தது. புகையோடு ஓர் இருமல். பிறகு, "லூர்து... கேட்டுக்க..." அவ்வளவுதான். கரிந்த வாடைதான் மிச்சம்.

நல்லகண்ணு கண்ணைத் துடைத்துக்கொண்டார். லூர்து மேரி சிரித்தார். "எப்பவும் இப்பிடித்தான் ஐயா. கேட்டுக்கம்பாக, அப்பறம் வெத்தலப் பையத் தேடுவாக."

"மிச்சத்தையும் போடு தாயி. என்ன சொல்ல வந்தார்னு தெரிஞ்சிரும்" என்றேன் நான்.

லூர்து மேரி உறையின் வாயை மடித்தார். "வேணாம் ஐயா. இருக்கட்டும்."

அந்த ஐம்பது கிராம் ஒரு கண்ணாடிப் புட்டியில், அவர் வீட்டுத் தண்ணீர்ப் பானைக்கு அடியில் ஈரமணலில் இருக்கிறது. அதன் பிறகு ஒவ்வொரு நவம்பரிலும் போடிக்கு வந்தார். நான் ஓய்வுபெற்ற பிறகு வீட்டுக்கே வந்தார். கேள்வி ஒன்றுதான்: கான்பூரிலிருந்து யாராவது எழுதினார்களா? அவருக்காக, அந்த லாட்டை ஏலத்தில் எடுத்த கான்பூர் வியாபாரிக்கு வருடம் ஓர் அஞ்சலட்டை போட்டேன். 2009 வரை பதினொன்று. பதில் வரவில்லை.

2010 நவம்பரில் வந்தபோது கேட்டார்: "அந்தக் காயப் போட்டு டீ குடிச்சவுக, அங்கன கேட்டிருப்பாகல்ல ஐயா?"

"கேட்டிருப்பாக. பாஷை புரிஞ்சிருக்காதே, தாயி."

"புரியாட்டி என்ன? திட்டுறாகளா, கொஞ்சுறாகளான்னு தெரிஞ்சிருக்கும்ல. அத மட்டும் எழுதிப் போடச் சொல்லுங்க."

பன்னிரண்டாவது அட்டையில் அதை மட்டும்தான் எழுதினேன்.