இருநூறு மீட்டர் ஓட்டம்

பாட்னாவில் ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்குக் கங்கைப் படித்துறையில் கால் வைக்க இடம் இருக்காது. குளிக்க வந்த கூட்டமில்லை. ரயில்வே தேர்வுக்குப் படிக்கிற நாங்கள் ஆயிரக்கணக்கில் படிகளில் உட்கார்ந்து மாதிரி வினாத்தாள் எழுதிக்கொண்டிருப்போம். அந்தக் கூட்டத்தில் பந்தயக் கணக்கு என்றால் ஹுலாஸ் மஹ்தோதான்.

பதினொரு வருஷம் அதே படியில் உட்கார்ந்தவர். நானும் அவரும் ஒரே லாட்ஜில் ஒரே அறை. கேள்வியைப் படித்து முடிக்குமுன் விடை சொல்லுவார்.

"நூறு மீட்டர் ஓட்டத்துல ஏ, பியை இருபது மீட்டர்ல ஜெயிக்கிறான். சியை இருபத்தெட்டு மீட்டர்ல. அப்ப பி, சியை எத்தனை மீட்டர்ல ஜெயிப்பான்?" என்று யாராவது கேட்பான்.

"எட்டு" என்று ஒருத்தன் கத்துவான்.

"எட்டாம்! உன் மண்டையில போட! பி எண்பது ஓடறப்ப சி எழுபத்திரண்டு. பத்துக்கு ஒன்பது. பி நூறு ஓடினா சி தொண்ணூறு. பத்து மீட்டர். இதுக்குப் பேனா வேற கேக்குதா உனக்கு?" என்று பாய்வார் ஹுலாஸ்.

நான் அப்படியில்லை. வினாத்தாளில் ஒவ்வொரு சொல்லுக்கும் கீழே விரலை வைத்து நகர்த்தித்தான் படிப்பேன். "டேய் மாட்டுவண்டி, நீ வந்து சேர்றதுக்குள்ள ஸ்டேஷனையே மூடிடுவான்டா" என்பார் ஹுலாஸ். படித்துறையே சிரிக்கும். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

அந்த வருஷத் தேர்வு அவருக்குக் கடைசி. அடுத்த அறிவிப்பு வரும்போது வயது வரம்பைத் தாண்டியிருப்பார். நான்கு முறை ஒரு மார்க், அரை மார்க்கில் போனவர். இது போனால் இனி விண்ணப்பமே போட முடியாது என்று அவருக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும்.

விடைத்தாள் இணையத்தில் வந்த அன்று எல்லாரும் செல்போனை எடுத்துக்கொண்டு அவரிடம்தான் ஓடினோம். சரியான விடைக்கு ஒன்று, தப்புக்கு மூன்றிலொன்று கழிவு. மனசுக்குள்ளேயே கூட்டிச் சொல்லிக்கொண்டே போனார். எனக்கு எழுபத்தைந்து சொச்சம். கட்-ஆஃப் எழுபத்துநான்குக்குக் கீழே இறங்காது என்று எல்லா வாத்தியார்களும் அடித்துச் சொல்லியிருந்தார்கள்.

"உங்களுது, அண்ணே?"

"இரு, டீ குடிச்சிட்டு வரேன்."

டீ குடிக்கப் போகவில்லை. அங்கேயே உட்கார்ந்திருந்தார். நானே அவர் கையிலிருந்து செல்போனைப் பிடுங்கினேன். எழுபத்துமூன்றேகால் பக்கம் நின்றது. நாற்பத்துமூன்றாவது கேள்வியில் சிவப்பு. அதே பந்தயக் கணக்கு! பத்து என்று குறித்திருந்தார். சரியான விடை இருபது.

கடைசி வரியில் இருந்தது: 'எனில், இருநூறு மீட்டர் ஓட்டத்தில்.'

அந்த வரிவரை அவர் கண் போகவேயில்லை. இருபது, இருபத்தெட்டு என்ற எண்களைப் பார்த்ததும் பத்தைத் தட்டிவிட்டு அடுத்த கேள்விக்குத் தாவியிருக்கிறார். ஒரு மார்க்கும் மூன்றிலொன்றும் அங்கே போயிற்று. அது இருந்தால் வேலை.

"ஆட்சேபம் போடுங்க அண்ணே! கேள்வி குழப்பமா இருக்குன்னு எழுதுங்க. பத்து பேர் எழுதினா அந்தக் கேள்வியையே தூக்கிட்டு எல்லாருக்கும் மார்க் போட்டுடுவான். போன தடவை நடக்கலையா?"

ஆட்சேபப் பக்கத்தைத் திறந்தார். 'விடை எப்படித் தவறு என்பதை விளக்குக' என்று கட்டம் இருந்தது. ஒரு வரி தட்டினார். அழித்தார். மறுபடி தட்டினார். மறுபடி அழித்தார்.

"எழுதித் தொலைங்களேன்! எவன் எவனோ வாய்க்கு வந்ததை எழுதறான்!"

"என்னன்னுடா எழுத? கணக்கு சரியா இருக்கே." என்றார். "பத்துக்கு ஒன்பது. இருநூறு ஓடினா நூற்றெண்பது. இதைத் தப்புன்னு நான் எப்படிடா எழுதுவேன்?"

கோபத்தில் அவர் செல்போனை நானே பிடுங்கி எழுதப் பார்த்தேன். எனக்கும் ஒன்றும் ஓடவில்லை. மாலை ஐந்து மணிக்கு அந்தப் பக்கம் மூடிக்கொண்டது. அவர் முகத்தை முழங்காலில் புதைத்துக்கொண்டார். நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன், அவ்வளவுதான். பாவி, வேறென்ன செய்வது?

கட்-ஆஃப் சரியாக எழுபத்துநான்கு வந்தது. என் பெயர் பட்டியலில் இருந்தது. அவர் பெயர் இல்லை.

வேலையில் சேரக் கிளம்புவதற்கு முந்தின ஞாயிறு, சொல்லிக்கொள்ளப் படித்துறைக்குப் போனேன். காலையில் அறையில் அவரைக் காணவில்லை; ஊருக்குப் போயிருப்பார் என்று நினைத்தேன். அதே படியில் உட்கார்ந்திருந்தார். மடியில் அன்றைய வினாத்தாள்.

"இனிமே எதுக்கு அண்ணே இதெல்லாம்? எழுந்திருங்க, லிட்டி சாப்பிடலாம்."

"இரு, இந்தப் பக்கம் முடியட்டும்" என்றார், தலை நிமிராமல்.

குனிந்து பார்த்தேன். ஒவ்வொரு சொல்லுக்கும் கீழே விரலை வைத்து, மெதுவாக நகர்த்திப் படித்துக்கொண்டிருந்தார்.