மேசையை விட்டு நான்கு எட்டு

அந்த ஹங்கேரி மேசைப்பந்து வீரரின் பழைய ஆட்டங்களைக் குண்டசாலை பஸ்ஸில் போகவர போனில் பார்ப்பேன். இளம் வயதில் உலகச் சம்பியன். பிறகு எத்தனையோ தோல்விகள். தலை நரைத்த பின்னும் ஆடிக்கொண்டுதான் இருந்தார். மேசையை விட்டு நான்கு எட்டுப் பின்னால் நின்று, தரையில் விழப்போகும் பந்தைக்கூட எடுத்து அடிப்பார்.

நாற்பத்தெட்டு வயதில் எனக்கும் அப்படி ஆட ஆசை வந்தது. கண்டியில் எங்கள் அலுவலகத்தில் மேசைப்பந்து மேசை போட்டிருக்கும் அறையோ மிகச் சின்னது. இரண்டு எட்டுப் பின்னால் வைத்தாலே என் மட்டை ஃபைல் அலுமாரியில் மோதும்.

"பந்துக்கு அடிங்க தங்கச்சி, அலுமாரிக்கு அடிக்காதீங்க," என்று எதிரில் ஆடும் ஸ்டோர்ஸ் நானா தினமும் சிரிப்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு பகல் இடைவேளையில் அவருடைய பக்கத்தை நான் வாங்கிக்கொண்டு, பின்னாலிருந்த கதவை அகலத் திறந்துவிட்டேன். வெளியே நடையில், கவுண்டர் திறக்கும்வரை சனம் படிவங்களோடு வரிசையில் நின்றது. நானா ஓங்கி அடித்தார். நான் வாசலைத் தாண்டி நடைக்கே போய், முழங்காலளவில் பந்தை எடுத்துத் திருப்பினேன். அது மேசையில் அவர் பக்கத்து விளிம்பில் பட்டு விழுந்தது.

"இன்னொண்டு போடுங்கோ நானா," என்றேன்.

கண்டியில் எந்த வரிசையிலும் ஒருவர் ஓர் அங்குலம் விட்டுக்கொடுத்து நான் கண்டதில்லை. புசல்லாவையிலிருந்து வந்து முதலாவதாக நின்ற அம்மா பின்னால் திரும்பினார்.

"கொஞ்சம் தள்ளி நில்லுங்க, மிஸ் ஆடட்டும்."

வரிசை முழுவதும் பின்னுக்கு நகர்ந்தது.