செவலை பாலை அடக்கிய காலை

பால் விற்பவள் கற்பூரம் அடித்துச் சத்தியம் செய்தாலும் தண்ணீர் கலந்தாள் என்றுதான் ஊர் சொல்லும். கறந்து விற்றுப் பிழைத்த அக்காமார்களே, உங்களுக்குத் தெரியாததா?

கையை உதறு

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் தொடக்கத்தில் மலாயாவில் ரப்பர் விலை விழுந்து, சுங்காய் பக்கத்துத் தோட்டத்தில் ஆளைக் குறைத்தார்கள். நானும் என் செவலைப் பசுவும் அதன் கன்றும் ஈப்போவுக்கு வந்து சேர்ந்தோம். ஒரே கடைவீட்டு மாடியைப் பலகையால் தடுத்து ஆறு குடும்பம் குடியிருந்த தெரு அது. கறந்து கொண்டுவந்த பாலை அங்கே யாரும் வாங்க மாட்டார்கள். மாட்டையே வாசலுக்கு ஓட்டிவந்து கண்ணெதிரே கறக்க வேண்டும். செம்பைக் கவிழ்த்துக் காட்டிவிட்டுத்தான் உட்காருவேன். மாடியில் இருந்த ரயில்வேக்காரர் மனைவி பொன்னம்மாக்காவுக்கு அதுவும் போதாது.

"செம்பு காலிதான், சரி. கையையும் உதறிக் காட்டு."

மாடிக் குழந்தை

அதே மாடியில் ஆரோக்கியம் என்று ஒரு பெண். பிள்ளை பெற்றதும் காய்ச்சலில் விழுந்து, அவளுக்குப் பால் வற்றிப்போனது. டின் பால் கொடுத்துப் பார்த்தாள், பிள்ளைக்கு ஒத்துக்கொள்ளவில்லை. செவலை பால்தான் அதற்கு உயிர். என்னைப் பார்க்கிறபோதெல்லாம் ஒன்றையே சொல்லுவாள்.

"மழை பேஞ்சாலும் வந்துருங்கக்கா. இவளுக்கு வேற வழி இல்ல."

கன்று போன மறுநாள்

கன்று கழிச்சல் கண்டு செத்துப்போனது. கன்று முட்டாமல் செவலை சுரக்காது. மறுநாள் வாசலில் உட்கார்ந்து காம்பை நீவி நீவிக் கை ஓய்ந்தது. பாவி மாடு பாலை அடக்கிக்கொண்டது. மேலே பிள்ளை கத்துகிறது. எனக்கு அழுகையே வந்துவிட்டது. பொன்னம்மாக்கா இறங்கி வந்து செம்பை எட்டிப் பார்த்தார். திரும்பிப் போய், வடித்த கஞ்சியில் உப்புப் போட்டுக் கொண்டுவந்து செவலைக்கு வைத்தார். அதன் கழுத்தைத் தடவிக்கொண்டே சொன்னார்.

"இன்னிக்குத் தண்ணி கலந்தாலும் கேக்க மாட்டேன்டி. பால் மட்டும் வரட்டும்."

நின்ற சுத்தியல்

கஞ்சியைக் குடித்தும் செவலை மிரண்டுகொண்டே நின்றது. மாடிக்குக் கீழே சீன முதலாளி, தவுக்கே என்போம், அவருடைய தகரப் பட்டறையில் சுத்தியல் சத்தம் ஓயாது. சாணிக்காக என்னோடு தினமும் மல்லுக்கு நிற்கிற மனுஷன் அவர். அன்று வெளியே வந்தார், எங்களைப் பார்த்தார், மேலே பிள்ளை அழுவதைக் கேட்டார். உள்ளே போய் வேலையை நிறுத்தச் சொல்லிவிட்டார். கொஞ்ச நேரத்தில் செவலை பால் விட்டது. அரைச் செம்புதான், ஆனால் அந்தப் பிள்ளைக்குப் போதும். ஆரோக்கியம் காய்ச்சிச் சங்கில் புகட்டினாள், அழுகை நின்றது. நான் தவுக்கேயைக் கையெடுத்துக் கும்பிட்டேன். அவர் பாலுக்கு மட்டும் மலாய்ச் சொல்லைப் போட்டு, தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னார்.

"சூசு வந்தாச்சு. இப்போ சாணி அள்ளு."

பால் விற்றவளுக்கு நல்ல பெயர் கிடைக்காது, நல்ல தெரு கிடைத்தால் அதுவே பெரிது, எனக்குக் கிடைத்தது.