சீதன வீடு கேட்கப் போன மாமன்

இன்று மருமகனுக்குப் பெண் பேச விடத்தல்தீவுக்குப் போனோம். தாய்மாமன், பட்டதாரி என்பதால் பேசும் பொறுப்பு என்னுடையது.

பஸ்ஸில் வழிநெடுக அவன் கெஞ்சினான். "எனக்கு இந்தப் பிள்ளைதான் வேணும் மாமா. வாயைக் குடுத்துக் குழப்பிப் போடாதேங்கோ."

பெண் மருத்துவத் தாதி. தாய் மீனவர் சங்கக் கூட்டத்துக்குப் போய்விட்டார். தேத்தண்ணீர் கொண்டுவந்தவர் தகப்பன்.

வழக்கப்படி அவரிடம் தொடங்கினேன். "பிள்ளைக்கு எந்த வீட்டைச் சீதனமா எழுதுறியள்?"

"அவளிட்டையே கேளுங்கோ" என்று மனிதர் தட்டத்தோடு குசினிக்குள் நழுவிவிட்டார்.

பெண் சொன்னாள்: "இந்த வீடு நான் லோன் எடுத்துக் கட்டினது அங்கிள். ஆரும் எழுதித் தரத் தேவையில்லை. அம்மாவும் அப்பாவும் என்னோடதான் இருப்பினம். அவரும் வரட்டும், இடம் கிடக்கு. சமைப்பாரோ?"

இரண்டு தங்கைகளுக்குச் சீதன வீடு கட்டியே தலை நரைத்தவன் நான். அந்தக் காலத்தில் எங்கள் வீட்டுப் பெண்களுக்கு லோன் என்ற சொல்லே தெரியாமல் போய்விட்டது.

தக்க பதில் சொல்ல வாயைத் திறந்தேன். மருமகன் முந்திவிட்டான். "மீன் குழம்பு நல்லா வைப்பன்!"

குடித்த கோப்பையைக்கூடக் கழுவியறியாதவன்.

"அப்ப எனக்கு ஓம்" என்றாள் அவள். பேச்சு முடிந்தது. என்னை ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை.

திரும்பும் பஸ்ஸில் மருமகன் காதுக்குள் கேட்டான். "மாமா, மீன் எப்பிடி வெட்டுறது?"

மீன் வெட்டத் தெரிந்த ஆண்கள் இருந்தால் இன்பாக்ஸில் வாருங்கள். கமெண்டில் வேண்டாம், என் மனைவி வாசிப்பாள்.