புருவப் பென்சிலால் ஒரு மீசை

சோதனைச் சாவடியைக் கண்டு நான் ஒருநாளும் நடுங்கியதில்லை. பொய். கொழும்பு வெள்ளவத்தையில் பஸ்ஸை மறித்து இறக்கிய நேரம் தொட்டு மற்றவர்களின் முதுகுக்குப் பின்னால் ஒளிந்து ஒளிந்து நிற்கிறேன்.

கொட்டாஞ்சேனையில் இன்று எங்கள் ஆட்டம். சேலை கட்டும் ஆண்கள், முடி வளர்த்த கிட்டார்காரர், வீட்டார் வேண்டாமென்ற எல்லாரும் கூடுவோம். நான் அவர்களோடு ஆடுவேன். ஆடாத நேரம் வீடியோ எடுப்பேன். நாலாம் வகுப்போடு நின்றவனுக்குக் கமராதான் கொப்பியும் பேனையும்.

பெண் வேஷத்துக்காகக் காலையில் மீசையை வழித்துவிட்டேன். அடையாள அட்டையில் பெரிய மீசை இருப்பதை மறந்துபோனேன். சிப்பாய் அட்டையையும் முகத்தையும் மாறி மாறிப் பார்க்கிறான்.

"இது வேற ஆள். பொலிசுக்குப் போ."

போனால் ஆட்டமும் இல்லை, கமராவும் இல்லை. பையில் இருந்த புருவப் பென்சிலை எடுத்து, பஸ் கண்ணாடியைப் பார்த்து மீசை வரைகிறேன். அட்டையைக் கன்னத்தோடு ஒட்டிப் பிடிக்கிறேன்.

"மம தமய், மஹத்தயா. நான்தான், ஐயா," என்று சிங்களத்திலும் தமிழிலும் சொல்கிறேன்.

அவன் துவக்கைச் சாய்த்துவைத்துச் சிரிக்கிறான். அட்டை கைக்குத் திரும்பி வருகிறது.

"மீசை ஏன் வெட்டினது, மல்லி?" சிங்களத்தில் தம்பி என்கிறான்.

யாராவது சிரித்தால் என் வாய் நிற்காது. "அது பெரிய கதை, ஐயா. முதல்முதல் நான் சேலை கட்டின அண்டைக்கு, மாப்பிள்ளையா ஆட வந்தவன்..."

சோதனை முடிந்து முன்னமே ஏறிவிட்ட எங்கள் கூட்டத்து ரோசி பஸ் யன்னலால் தலையை நீட்டுகிறாள்.

"அக்கா, மீசையை அழிச்சுப்போட்டு ஏறுங்கோ. பஸ் வெளிக்கிடுது."