நேரில் பார்த்து எழுதியது

கணக்குப்பிள்ளை வரதனை எனக்குப் பிடிக்காது. பொன்னேரி கோர்ட்டுக்கு எதிரே ஓலைப்பந்தலில் மனு எழுதிப் பிழைத்தவன் நான். அவர் கணக்கின் நகலை யாராவது கொண்டுவந்தால், அந்த எழுத்தைப் பார்த்தே என் வயிறு எரியும். ஓர் அடித்தல் இருக்காது.

ஆரணி ஆற்றங்கரை ஊர் அவருடையது. அப்பாவுக்குப் பிறகு அவருக்கு வந்த வேலை. வருஷா வருஷம் வயல் வயலாக நடந்து, எந்த நிலத்தில் யார் என்ன பயிர் வைத்திருக்கிறார் என்று அடங்கல் கணக்கில் எழுதுவார். வீட்டில் பாயைப் போட்டு உட்கார்ந்தபடியே, போன வருஷக் கணக்கைப் பார்த்து எழுதும் கணக்குப்பிள்ளைகளும் உண்டு. "அதெல்லாம் ஒரு கணக்கா?" என்பார். பக்கத்துக்குப் பக்கம் "நேரில் பார்த்து எழுதியது" என்று போட்டுக் கீழே கையெழுத்திடுவதில் அவருக்கு அவ்வளவு பெருமை.

ஐம்பத்து நாலாம் வருஷம் தை மாதம் அவர் காலில் முள் குத்திச் சீழ் வைத்தது. ஒரே ஒரு மூலை பாக்கி, பதினோரு நிலம். தாலுகா ஆபீசுக்குக் கணக்குப் போக வேண்டிய நாளும் வந்துவிட்டது. நலம் விசாரிக்க வந்த ஆதிகேசவனுக்கு அந்த மூலையில்தான் நிலம். அவர் ஒவ்வொன்றாகச் சொல்ல, வரதன் எழுதினார். பக்கத்து நிலத்துக்காரர் முனிகிருஷ்ணன் செத்து நாலு மாதம். அவர் மனைவி எல்லம்மா அதில் வேர்க்கடலை போட்டிருந்தாள். "அது என் பயிரு. ஆவணிலயே நெலத்த எனக்குக் குடுத்துட்டான்" என்றார் ஆதிகேசவன். அதையும் வரதன் எழுதி, வழக்கம்போல் "நேரில் பார்த்து எழுதியது" என்று போட்டுக் கையெழுத்திட்டார்.

ஐம்பத்தேழில் எல்லம்மா கிணறு வெட்டினாள், நல்ல தண்ணீர் வந்தது. உடனே ஆதிகேசவன் வழக்குப் போட்டார். முனிகிருஷ்ணனிடம் தொண்ணூறு ரூபாய்க்கு வாய்ப்பேச்சில் வாங்கினாராம், இரக்கப்பட்டு, விளைச்சலில் பங்கு தரச் சொல்லி எல்லம்மாவையே வாரத்துக்கு உழவிட்டாராம். நூறு ரூபாய்க்குக் கீழே என்றால் பத்திரம் வேண்டாம், நிலம் கைமாறியிருந்தால் போதும். கைமாறியதற்கு அவர் காட்டிய ஒரே ஆதாரம் வரதன் எழுதிய அந்த வரி.

வரதன் சாட்சி சொல்ல வந்த காலையில், என் பந்தலிலேயே எல்லம்மா அவரை மடக்கினாள்.

"ஐயா, நீங்க அந்தாண்ட வந்தே பாக்கலியே, இன்னாத்துக்கு அப்டி எய்தினீங்க? அந்த நெலமும் பூட்டா நானும் என் பொண்ணும் எங்க போவோம்?"

அவள் போனதும் நான் வரதனிடம் சொன்னேன்: "பாக்காம எய்தினேன்னு சொன்னா உன் வேலை பூடும்யா. ஞாபகம் இல்லன்னு சொல்லிட்டு எறங்கிடு."

நான் சொன்னது கேவலமான யோசனை என்று எனக்கே தெரியும். ஆனாலும் சொன்னேன்.

கூண்டில் ஏறியவரிடம் ஆதிகேசவனின் வக்கீல் கணக்கை நீட்டினார். "உங்கள் கையெழுத்துதானே? நேரில் பார்த்து எழுதியதுதானே?"

"கையெழுத்து என்னுது. நேர்ல பாக்கல. அந்தப் பக்கத்துல பதினோரு நெலம், ஒண்ணுகூட பாக்கல. ஆதிகேசவன் சொல்லச் சொல்ல எழுதினேன்."

முன்சீப் எழுதுவதை நிறுத்தினார். "இப்படிச் சொன்னால் உமக்கு என்ன ஆகும் என்று தெரியுமா?"

"தெரியுங்க."

நிலம் எல்லம்மாவுக்கே என்று தீர்ப்பானது. வரதனுக்கு ஆடியில் சஸ்பெண்டு, ஐப்பசியில் வேலையே போயிற்று. கணக்குகளை மூட்டை கட்டி ஒப்படைத்த அன்று அழுதாராம். எனக்கு மனசு கேட்கவில்லை. என் பந்தலிலேயே வந்து குந்தி மனு எழுதச் சொல்லி ஆளனுப்பினேன்.

வந்தார். அவரிடம் முதலில் வந்தவள் எல்லம்மாதான். பட்டாவைத் தன் பேருக்கு மாற்ற மனு வேண்டும் என்றாள். காகிதத்தை அவர் முன்னால் தள்ளினேன். அவர் பேனாவை மூடிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு எழுந்தார்.

"எங்கய்யா கெளம்பிட்ட?"

"நெலத்த பாத்துட்டு வந்து எழுதறேன்."

மனு எழுத எவனும் நிலத்தைப் பார்ப்பதில்லை என்று கத்தினேன். ஆறு மைல் தூரம். குடையை எடுத்துக்கொண்டு, எல்லம்மாவுக்கு முன்னால் நடந்து போய்விட்டார்.