கேமராவுக்கு இந்தப் பக்கம்

ஸ்டுடியோவில் அவளை எல்லோரும் 'கண்ணாடி' என்றுதான் கூப்பிடுவார்கள். பெற்றவர்கள் வைத்த பெயர் அங்கே பாதிப் பேருக்குத் தெரியாது.

கதாநாயகிக்குப் பின்னால் வரிசையில் நின்று ஆடத்தான் பதினேழு வயதில் வந்தாள். வந்த வேகத்தில் டான்ஸ் மாஸ்டரின் கண்ணில் பட்டுத் தொலைத்தாள். ஒரு தடவை காட்டினால் போதும், அசைவை அப்படியே பிடித்துக்கொள்வாள். கதாநாயகியோ முக லட்சணத்தில் குறை சொல்ல முடியாதவள்; கால்தான் சொன்ன பேச்சு கேட்காது. பாட்டின் இரண்டாவது வரியிலேயே அடுத்தது என்ன என்று விழிப்பாள். அதனால் மாஸ்டர் இவளை வரிசையிலிருந்து பிடுங்கிக் கேமராவுக்குப் பக்கத்தில் நிறுத்தினார். இவள் ஆட ஆட, எதிரே வெளிச்சத்தில் கதாநாயகி பார்த்து ஆடுவாள். அவள் வலது கையைத் தூக்க வேண்டுமென்றால் இவள் இடது கையைத் தூக்க வேண்டும். கண்ணாடி என்ற பெயர் வந்தது அப்படித்தான்.

சுமாராக ஆடுகிறவர்களெல்லாம் படத்தில் வந்தார்கள். நன்றாக ஆடியவள் ஒரு படத்திலும் வரவில்லை. இந்த அநியாயத்தை எங்கே போய்ச் சொல்வது? கல்யாணமாகி, மகள் பிறந்து, அவள் பள்ளிக்கூடமும் போகத் தொடங்கிவிட்டாள். இவள் இன்னும் கேமராவுக்கு இந்தப் பக்கம்தான்.

"சினிமாவுல ஆடுறேன்னு சொல்றீங்க அண்ணி, விளக்கு வச்சுத் தேடினாலும் காணோமே!" என்று நாத்தனார் கிண்டலடிப்பாள். அதையாவது சிரித்துத் தள்ளிவிடலாம். ஒருநாள் மகளே அழுதுகொண்டு வந்தாள்.

"எங்கம்மா சினிமாவுல ஆடுறாங்கன்னு சொன்னேன். எல்லாரும் என்னைப் புளுகிங்கறாங்கம்மா."

மகளின் கண்ணைத் துடைத்துவிட்டாள். "அடுத்த படத்துல பாருடி, அம்மா வருவேன்" என்று வாக்குக் கொடுத்துவிட்டாள்.

மறுநாள் மாஸ்டரிடம் கெஞ்சினாள். "ஒரே ஒரு பாட்டு மாஸ்டர். கடைசி வரிசையில நிக்கிறேன்."

"நீ அங்க போயிட்டா இந்தம்மா யாரைப் பாத்து ஆடும்? பேசாம போய் நில்லு."

நன்றாக ஆடுவதுதானே வினை? தப்பாக ஆடினால் தன்னை வரிசைக்குத் துரத்திவிட்டு வேறொருத்தியை இங்கே நிறுத்துவார் என்று கணக்குப் போட்டாள். டேக் தொடங்கியது. முழுச் சுற்று வர வேண்டிய இடத்தில் வேண்டுமென்றே பாதியில் நின்றாள். தடுமாறினாள். விழாமலிருக்க இடுப்பில் கையை ஊன்றி, தோளுக்கு மேலாகத் திரும்பிப் பார்த்தாள். கதாநாயகிக்கு என்ன தெரியும், பாவம்! அவளும் பாதியில் நின்று, தடுமாறி, இடுப்பில் கையை ஊன்றித் திரும்பிப் பார்த்தாள்.

"கட்!" டைரக்டர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். "அடடா, என்ன அழகுய்யா! மாஸ்டர், இத்தனை நாள் இதை எங்க ஒளிச்சு வச்சிருந்தீங்க?"

மாஸ்டர் கண்ணாடியை ஒரு பார்வை பார்த்தார். "எல்லாம் உங்களுக்காகத்தான் சார்" என்று குழைந்தார். பிறகு அவளிடம் வந்து, "இனிமே நீ கேமராவை விட்டு ஒரு அடி நகரக் கூடாது, ஆமா" என்றார். போச்சு! தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டாள்.

படம் வெளியானதும் குடும்பத்தோடு போனார்கள். அந்த இடம் வந்ததும் கொட்டகையில் விசில் பறந்தது. மகள் திரையை மூலைக்கு மூலை தேடினாள்.

"நீ எங்கம்மா?"

"அப்படித் திரும்பிப் பாக்குறாங்க இல்ல, அது நான் ஆடிக் காட்டினதுடி."

"ஆமாமா, பாட்டும் உங்கம்மா பாடினதுதான்" என்று நாத்தனார் சிரித்தாள். மகள் சிரிக்கவில்லை, தலையைக் குனிந்துகொண்டாள். அதைத்தான் இவளால் தாங்க முடியவில்லை.

அந்த ஆட்டம் தெருத் தெருவாகப் பரவிற்று. பள்ளிக்கூட விழாவில் மகளும் அதையே ஆட வேண்டி வந்தது. வீட்டில் பழகும்போது தடுமாறுகிற இடத்தில் விறைத்துக்கொண்டு நின்றாள். அடுப்படியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தவளுக்குப் பொறுக்கவில்லை. கரண்டியை வைத்துவிட்டு வந்து, பாதிச் சுற்றில் நின்று, தடுமாறி, இடுப்பில் கையை ஊன்றித் திரும்பிப் பார்த்தாள்.

மகள் வாயைப் பிளந்தாள்.

"அம்மா! அவங்களைப் பாத்து அப்படியே காப்பி அடிச்சிருக்கியே!"